தேதி தாண்டிய ஆப்பிள் சைடர் வினிகரைக் கொட்டிவிட வேண்டுமா?

நீங்கள் ஒரு கேள்வியாகக் கேட்டிருந்தாலும், உங்கள் சமையலறையில் இருப்பவை மூன்று வெவ்வேறு பொருள்கள். முதலாவது, மாமியார் முஸ்தஃபா கடையில் சலுகை விலைக்கு வாங்கிவந்து இன்னும் சீல் உடைக்காத ஆப்பிள் சைடர் வினிகர். அதில் போட்டிருக்கும் தேதி முடிந்து 7 மாதம் ஆகிறது. இரண்டாவது, அதே வினிகர்தான், ஆனால் போன வருடமே திறந்து பாதி காலியாகி, அடுப்புக்கு மேலே உள்ள அலமாரியில் இருக்கிறது. கலங்கலாக, ஜவ்வு மாதிரி ஏதோ மிதக்கிறது. மூன்றாவது, அதிலிருந்து கொஞ்சம் எடுத்து இஞ்சிச் சாறு, எலுமிச்சைச் சாறு, தேன் எல்லாம் சேர்த்து, பூண்டைத் தட்டிப்போட்டு வெளியிலேயே வைத்த சிறிய பாட்டில். மூடியைத் திறந்தால் 'புஸ்' என்கிறது, பூண்டும் பச்சையாகிவிட்டது. எல்லாவற்றையும் கொட்டு என்கிறார் கணவர். வினிகர் கெடவே கெடாது என்கிறார் மாமியார். முதல் இரண்டு பாட்டில்களில் நான் உங்கள் மாமியார் பக்கம். மூன்றாவதில் கணவர் சொல்வதைக் கேளுங்கள்.

சிங்கப்பூரில் செனோக்கோ பக்கம் சாஸ், ஊறுகாய் தயாரிக்கும் ஒரு தொழிற்சாலையின் தர ஆய்வகத்தில் பல வருடம் வேலை பார்த்தவன் நான். வினிகர் எங்களுக்கு டிரம்மில் வரும், அமிலத்தை அளந்து பார்த்த பிறகுதான் உள்ளே விடுவோம். அந்த அனுபவத்தில்தான் இதை எழுதுகிறேன். நான் மருத்துவன் இல்லை. உங்கள் பாட்டில்களை நேரில் பார்க்கவும் இல்லை. நீங்கள் போட்ட படத்தில் நிறம் தெரிகிறது, வாசனை தெரியாது. வினிகர் விஷயத்தில் பாதித் தகவல் வாசனையில்தான் இருக்கிறது.

வினிகர் ஏன் கெடுவதில்லை என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். ஆப்பிள் சாற்றில் உள்ள சர்க்கரையை ஈஸ்ட் தின்று சாராயமாக்குகிறது. அந்தச் சாராயத்தை வேறொரு பாக்டீரியாக் கூட்டம் காற்றின் துணையோடு அசிட்டிக் அமிலமாக்குகிறது. இரண்டு முறை நொதித்து முடிந்த பொருள் என்பதால், சாதாரணக் கிருமிகள் தின்ன அதில் பெரிதாக எதுவும் மிச்சமில்லை. கடையில் வாங்கும் பாட்டிலில் பெரும்பாலும் 5 சதவீத அமிலம் இருக்கும். அமெரிக்க விதிப்படி குறைந்தது 4 இருந்தால்தான் அதை வினிகர் என்றே விற்கலாம். புளிப்பைக் காட்டும் பி.எச். அளவு (எண் குறையக் குறையப் புளிப்பு அதிகம்) 3-ஐ ஒட்டி நிற்கும். டப்பா உணவுகளில் எல்லோரும் பயப்படுகிற போட்யூலினம் கிருமி 4.6-க்குக் கீழே வளராது. அதோடு, அசிட்டிக் அமிலத்துக்குத் தனியாக ஒரு குணம் உண்டு. இவ்வளவு புளிப்பான நிலையில் அதன் மூலக்கூறுகள் பெரும்பாலும் பிரியாமல் முழுசாக இருக்கும். அப்படி இருப்பவை கிருமியின் சவ்வைத் தாண்டி உள்ளே போய், அங்கே பிரிந்து அதை முடக்கிவிடும். எலுமிச்சையில் உள்ள சிட்ரிக் அமிலத்துக்கு இந்த வித்தை அவ்வளவாக வராது. மூன்றாவது பாட்டிலைப் பற்றிப் பேசும்போது இது தேவைப்படும்.

அப்படியானால் அந்தத் தேதி எதற்கு? அது பெரும்பாலும் நிறம், மணம், தெளிவு ஆகியவற்றுக்குத் தயாரிப்பாளர் கொடுக்கும் உத்தரவாதம். சர்வதேச அளவில் உணவுத் தரங்களை வகுக்கும் கோடெக்ஸின் லேபிள் விதியில், தேதி போடத் தேவையில்லாத பொருள்கள் என்று ஒரு பட்டியல் உண்டு. உப்பு, சர்க்கரையோடு வினிகரும் அதில் இருக்கிறது. ஐரோப்பிய ஒன்றியத்தின் 2011-ஆம் ஆண்டு உணவுத் தகவல் விதியும் அதையே சொல்கிறது. ஆனாலும் நிறுவனங்கள் தேதி போடத்தான் செய்கின்றன. கடைக்காரர் கேட்கிறார், வாங்குபவரும் தேடுகிறார். பொதுவாக 2 முதல் 5 வருடம் வரை போடுவார்கள். சீல் உடையாமல், மூடி உப்பாமல், கசிவில்லாமல் இருக்கும் பாட்டிலுக்கு 7 மாதம் ஒரு பொருட்டே இல்லை. தாராளமாகத் திறந்து பயன்படுத்துங்கள். நிறம் கொஞ்சம் கருத்திருக்கலாம், அடியில் மண்டி தங்கியிருக்கலாம். ஆப்பிளில் உள்ள பாலிஃபீனால்கள் என்ற இயற்கைச் சேர்மங்கள் மெல்ல மாறுவதால் வருவது அது. ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன், நான் பேசுவது கலப்பில்லாத வினிகரைப் பற்றி. அதே பெயரில் தேன் சேர்த்தது, பழச்சாறு சேர்த்தது, அப்படியே குடிக்கத் தயாராகத் தண்ணீர் கலந்தது என்று இப்போது அலமாரி நிறைய விற்கிறார்கள். அவற்றில் அச்சிட்ட தேதியை மதிக்கத்தான் வேண்டும்.

இனி அந்த ஜவ்வு. உங்கள் கேள்வியில் பயம் தெரிந்தது இந்த இடத்தில்தான். அதற்கு மதர் என்று பெயர், லேபிளிலேயே 'வித் தி மதர்' என்று பெருமையாக அச்சிட்டிருப்பார்கள். அசிட்டிக் அமில பாக்டீரியா செல்லுலோஸால் நெய்துகொள்ளும் படலம் அது. காற்று கிடைக்கும் மேற்பரப்பில் மிதப்பதற்காக அப்படிச் செய்கிறது. கனம் கூடினால் அடியில் போய் உட்காரும். இந்த பாக்டீரியாவுக்குக் காற்று எவ்வளவு அவசியம் என்பதை லூயி பாஸ்டர் 1860களிலேயே விளக்கிவிட்டார். நீங்களும் இதன் நெருங்கிய உறவினரை நிச்சயம் தின்றிருப்பீர்கள். பழக்கலவையிலும் பபிள் டீயிலும் போடுகிறார்களே நாட்டா டி கோக்கோ, வெள்ளைச் சதுரங்களாக, அதுவும் இதே வகை பாக்டீரியா தேங்காய்த் தண்ணீரில் நெய்த செல்லுலோஸ்தான்.

லண்டனிலோ நியூயார்க்கிலோ எழுதிய குறிப்புகளை இணையத்தில் படிப்பவர்கள், தங்கள் பாட்டிலில் மட்டும் ஏன் இவ்வளவு சீக்கிரம் ஜவ்வு கட்டுகிறது என்று குழம்புகிறார்கள். காரணம் நம் ஊர் வெப்பம். இந்த பாக்டீரியாவுக்குப் பிடித்தது 25 முதல் 30 டிகிரி, சிங்கப்பூர்ச் சமையலறையில் வருடம் முழுக்க அதுதான். குளிர்காலம் வந்தால் அங்கே அது தூங்கிவிடும். இங்கே அதற்கு விடுமுறை கிடையாது. பாட்டில் பாதி காலியானதும் உள்ளே காற்றும் தாராளம். ஆகவே வடிகட்டாத, சூடாக்காத வினிகரைத் திறந்து ஒரு வருடம் வைத்தால் ஜவ்வு கட்டாமல் இருந்தால்தான் ஆச்சரியம். மெல்லிய துணியிலோ காப்பி வடிதாளிலோ வடித்துவிட்டுப் பயன்படுத்தலாம், வடிக்காமலும் பயன்படுத்தலாம்.

மதரையும் பூசணத்தையும் எப்படிப் பிரித்துப் பார்ப்பது? மதர் ஈரமாக, வழவழவென்று, ஓரளவு ஒளி ஊடுருவுகிற மாதிரி இருக்கும். நிறம் பழுப்போ கிரீமோ. பூசணம் உலர்ந்து பஞ்சு போல முடி முடியாக நிற்கும், பச்சை, நீலம், கறுப்பு என்று நிறம் காட்டும். 5 சதவீத வினிகரின் நடுவில் அது வருவது அபூர்வம். நான் பார்த்தவரை அது பிடிப்பது மூடியின் உட்புறத்திலும் பாட்டில் வாயின் திருகு வரிகளிலும்தான். அங்கே ஒட்டியிருக்கும் துளியில் சமையலறை நீராவியோ ஈரக் கரண்டியின் தண்ணீரோ சேர்ந்து அமிலம் நீர்த்துப்போயிருக்கும். மூடியைத் திறந்து அங்கே ஒருமுறை பாருங்கள். பஞ்சு மாதிரி எதுவும் இல்லாமல், வாசனையும் சுள்ளென்று மூக்கில் ஏறினால் அந்தப் பாட்டில் நன்றாகத்தான் இருக்கிறது.

நன்றாக இருக்கிறது என்றாலும் முன்பிருந்த அதே வீரியத்தில் இருக்கிறதா என்பது தனிக் கேள்வி. சாராயம் தீர்ந்துபோன பிறகும் காற்று கிடைத்துக்கொண்டே இருந்தால், இந்த பாக்டீரியாக்களில் சில தாங்கள் உண்டாக்கிய அமிலத்தையே கரியமில வாயுவாகவும் தண்ணீராகவும் எரித்துவிடும். எங்கள் தொழிலில் இதற்கு மிகை ஆக்சிஜனேற்றம் என்று பெயர். சூடாக்காத வினிகரைத் தளர்ந்த மூடியோடு மாதக்கணக்கில் விட்டால் இது நடக்கும். இறுக மூடிய பாட்டிலில் அப்படி நடப்பது கடினம். அமிலம் ஆவியாகிப் போய்விடும் என்று பலர் சொல்வது சரியல்ல. இந்தக் கலவையில் அமிலத்தைவிடத் தண்ணீர்தான் எளிதில் ஆவியாகும்.

உங்கள் பாட்டிலில் எவ்வளவு அமிலம் மிச்சமிருக்கிறது என்று நாக்கை வைத்துச் சொல்ல முடியாது. ஷாப்பி இணையக் கடையில் கிடைக்கும் பி.எச். தாளை நம்பவும் வேண்டாம், அது இந்த விஷயத்தில் ஏமாற்றும். அசிட்டிக் அமிலம் பலவீனமான அமிலம் என்பதால், பத்து மடங்கு நீர்த்துப்போனாலும் பி.எச். அரைப் புள்ளி அளவுதான் நகரும். தாளின் நிறத்தில் அந்த வித்தியாசத்தைக் கண்டுபிடிப்பது கஷ்டம். ஆய்வகத்தில் நாங்கள் செய்வது டைட்ரேஷன், அதாவது காரத்தை ஊற்றி அமிலத்தை அளக்கும் முறை. 10 மில்லி வினிகரில் நிறம் காட்டும் ஃபீனால்ஃப்தலீன் ஒரு துளி விட்டு, 1 நார்மல் வீரியமுள்ள சோடியம் ஹைட்ராக்சைடை (காஸ்டிக் சோடா) சொட்டுச் சொட்டாக ஊற்றினால், 5 சதவீதமாக இருந்தால் ஏறக்குறைய 8.3 மில்லியில் இளஞ்சிவப்பு நிற்கும். 6 மில்லியிலேயே நின்றுவிட்டால் வீரியம் 3.6 சதவீதத்துக்கு இறங்கிவிட்டது என்று அர்த்தம். வீட்டில் ஓ லெவல் வேதியியல் படிக்கிற பிள்ளை இருந்தால் இதைக் கேட்டதும் சிரிக்கும், அவர்கள் பள்ளியில் செய்வதும் இதேதான். அதற்காக வீட்டில் காஸ்டிக் சோடாவை வைத்துக்கொண்டு முயல வேண்டாம்.

வீரியம் கொஞ்சம் குறைந்தால்தான் என்ன? சாலட்டில் ஊற்ற, கோழியில் பிசிற, சிங்க்கைத் தேய்க்க எதற்கும் தடையில்லை. ஊறுகாய்க்கும் அச்சாருக்கும் மட்டும் வேண்டாம். வெளியில் வைத்துச் சாப்பிடப்போகிற ஊறலுக்கு லேபிளில் 5 சதவீதம் என்று போட்ட, புதிதாகத் திறந்த பாட்டில்தான் சரி. அந்தச் செய்முறைகள் 5 சதவீதத்தைக் கணக்கில் வைத்து எழுதப்பட்டவை. காய்கறியிலிருந்து இறங்கும் தண்ணீர் அதை இன்னும் நீர்க்கச் செய்யும். வீட்டில் ஆப்பிள் தோலைப் போட்டுத் தயாரித்த வினிகருக்கும் இதே எச்சரிக்கை, அதன் அமிலம் எவ்வளவு என்று யாருக்கும் தெரியாது. மீ (நூடுல்ஸ்) கடைகளில் தட்டோடு கொடுக்கும் பச்சைமிளகாய் ஊறலை வீட்டில் போட்டு இரண்டு மூன்று நாளில் காலி செய்வதாக இருந்தால் இவ்வளவு கவலை வேண்டாம், ஃபிரிட்ஜில் வைத்தால் போதும்.

எங்கே வைப்பது என்று கேட்டிருந்தீர்கள். ஃபிரிட்ஜ் கட்டாயமில்லை. ஆனால் மதர் உள்ள வினிகரைத் திறந்து, மெதுவாக ஒரு வருடம் பயன்படுத்துபவராக இருந்தால் ஃபிரிட்ஜில் வைப்பதில் ஒரு லாபம் உண்டு, ஜவ்வு கட்டுவதும் அமிலம் குறைவதும் நன்றாகத் தாமதப்படும். இடமில்லையென்றால் வெளியே வையுங்கள், அடுப்புக்கு மேல் மட்டும் வேண்டாம். வீவக அடுக்குமாடி வீட்டுச் சமையலறையில் அந்த அலமாரிதான் கைக்கு எட்டுகிறது என்று எல்லாரும் எண்ணெயையும் மசாலாவையும் அங்கேதான் அடுக்குகிறோம். தினம் இரண்டு வேளை சூடும் நீராவியும் ஏறும் இடம் அது. மேற்கு வெயில் அடிக்கும் ஜன்னல் ஓரமும் வேண்டாம், நிறமும் மணமும் போய்விடும். சிங்க்குக்குப் பக்கத்து அலமாரியோ சாப்பாட்டு மேசைக்குக் கீழே உள்ள இருட்டான இடமோ போதும். கரண்டியை உள்ளே விடாமல் ஊற்றி எடுங்கள், பாட்டில் வாயைத் துடைத்துவிட்டு இறுக மூடுங்கள். பாட்டில் கால்வாசிக்கு வந்துவிட்டால் சுத்தமான சிறிய கண்ணாடிப் பாட்டிலுக்கு மாற்றலாம், உள்ளே காற்று குறையும்.

பாத்திரத்தில்தான் எனக்குப் பிடிவாதம் உண்டு. கண்ணாடி சிறந்தது. வினிகர் வந்த பிளாஸ்டிக் பாட்டிலிலேயே இருப்பதும் சரிதான். பாட்டி காலத்துப் பித்தளை, செம்புப் பாத்திரத்தில் வைக்கவே வேண்டாம். அமிலம் செம்போடு சேர்ந்து பச்சைக் களிம்பாகும், அது விஷம். அலுமினியத்தையும் அது அரிக்கும். எவர்சில்வர் டம்ளரில் கலந்து உடனே குடிப்பதில் ஒன்றுமில்லை. மாதக்கணக்கில் சேமிக்க வீட்டு எவர்சில்வர் டப்பா ஏற்றதல்ல, அதிலும் உப்புச் சேர்ந்த வினிகர் என்றால் புள்ளி புள்ளியாக அரித்துவிடும். பழைய பீங்கான் ஜாடியில் உள்ளே பூச்சு வெடித்திருந்தால், அந்தப் பூச்சில் ஈயம் இருக்கக்கூடும் என்பதால், அதையும் தவிருங்கள். மூடியின் அடி உலோகமாக இருந்து துருப்பிடித்திருந்தால் அந்த வினிகரைக் கொட்டிவிடுங்கள், இதில் மட்டும் நான் யாரோடும் வாதாடுவதில்லை. பாட்டில் வாய் திறந்திருந்தால் பழம் மொய்க்கும் குட்டி ஈக்கள் எங்கிருந்தோ வந்துவிடும், அவற்றுக்கு இந்த வாசனை அழைப்பிதழ்.

இப்போது மூன்றாவது பாட்டில். பச்சையான பூண்டைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். பூண்டின் கந்தகச் சேர்மங்கள் அமிலத்தில் அமினோ அமிலங்களோடு சேர்ந்து பச்சையும் நீலமுமாக நிறம் காட்டும். வட சீனாவில் அந்த நிறத்துக்காகவே வினிகரில் பூண்டை ஊறப்போடுகிறார்கள், லாபா பூண்டு என்பார்கள். கவலைப்பட வேண்டியது அந்த 'புஸ்'. உள்ளே வாயு சேர்கிறது என்றால் ஏதோ ஒன்று உயிரோடு இருந்து சர்க்கரையைத் தின்கிறது. கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒரு பங்கு வினிகருக்கு மூன்று பங்கு சாறும் தேனும் சேர்ந்தால், 5 சதவீத அசிட்டிக் அமிலம் ஒன்றே காலுக்கு வந்துவிடுகிறது. எலுமிச்சை இருப்பதால் புளிப்பு குறையவில்லை, ஆகவே போட்யூலினம் பற்றிய பயம் இங்கேயும் இல்லை. ஆனால் முன்பே சொன்னேனே, கிருமியின் உள்ளே நுழைந்து முடக்குவது அசிட்டிக் அமிலத்தின் வேலை. அது குறைந்தவுடன் ஈஸ்ட்டுக்குக் கொண்டாட்டம், தேனோ அதற்குச் சோறு. சாஸ் தொழிற்சாலைகளைத் தூங்கவிடாத ஈஸ்ட் ஒன்று உண்டு, ஸைகோசாக்கரோமைசஸ் பெய்லி என்று பெயர். நல்ல புளிப்பையும் பதப்படுத்தும் மருந்துகளையும் தாங்கிக்கொண்டு வளர்ந்து, போத்தலையே வெடிக்க வைக்கும். உங்கள் பாட்டிலில் இருப்பது அதுதானா என்று வளர்த்துப் பார்க்காமல் சொல்ல முடியாது. எதுவாக இருந்தாலும் முடிவு மாறாது, கொட்டிவிடுங்கள். ஈஸ்ட்டால் பெரிய விஷம் எதுவும் வந்துவிடாது, ஒருவேளை ஏற்கெனவே குடித்திருந்தாலும் பதற வேண்டாம். கண்ணாடிப் பாட்டிலில் அழுத்தம் ஏறுவதுதான் உண்மையான ஆபத்து.

இந்த மூன்றாவது பாட்டிலில் நீங்கள் கலந்தது போல, இதய அடைப்பைக் கரைக்கும் என்று வாட்ஸ்அப்பில் சுற்றும் கலவைக்கு ஆதாரம் எதையும் நான் பார்த்ததில்லை. நெஞ்சு வலி உள்ளவர் அதை நம்பி மருத்துவரைத் தள்ளிப்போட வேண்டாம். ருசிக்காகத்தான் என்றால் ஒரு வாரத்துக்கு வேண்டியதை மட்டும் கலந்து ஃபிரிட்ஜில் வையுங்கள், தேனைக் குடிக்கும்போது சேர்த்துக்கொள்ளுங்கள்.

தேதி தாண்டினால் 'சத்து' போய்விடுமா என்று மாமியார் கேட்டதாக எழுதியிருந்தீர்கள். இதில் உறுதியாகச் சொல்லக்கூடியது, சீல் உடைக்காத பாட்டிலில் அசிட்டிக் அமிலம் அப்படியே இருக்கும் என்பது மட்டும்தான். மதரில் உள்ள பாக்டீரியா குடலுக்கு நல்லது என்பது விளம்பரத்தில் கேட்கும் அளவுக்கு ஆய்வில் நிரூபணமாகவில்லை. உடல் எடை குறையும் என்று 2024-இல் பிரிட்டனின் பிஎம்ஜே மருத்துவ இதழ்க் குழுமத்தின் ஓர் இதழில் வந்து உலகமெங்கும் பேசப்பட்ட லெபனான் ஆய்வை, தரவுகளில் இருந்த குளறுபடி காரணமாக 2025-இல் திரும்பப் பெற்றுக்கொண்டார்கள். குடிப்பதானால் நிறையத் தண்ணீரில் கலந்து குடிக்கட்டும், பல்லின் எனாமலை அரிக்கும் அமிலம் அது. நீரிழிவுக்கோ, நீர் பிரியவோ மாத்திரை எடுப்பவர் என்றால் முதலில் பாலிகிளினிக் டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்கட்டும்.

சிறிய பாட்டிலைக் கொட்டும்போது முகத்துக்கு நேராகத் திறக்காதீர்கள். ஒரு மணி நேரம் ஃபிரிட்ஜில் வைத்துக் குளிரவிட்டு, சிங்க்குக்குள் வைத்து, மேலே துணி போட்டுக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருகுங்கள். அந்தப் பாட்டிலை வேறு எதற்காவது வைத்துக்கொள்வதாக இருந்தால் கொதிநீரில் நன்றாக அலசுங்கள், மூடியை மட்டும் தூக்கிப் போட்டுவிடுங்கள். உள்ளே இருக்கும் வளையத்தில் ஒட்டிய ஈஸ்ட் அலசினால் எளிதில் போகாது. பெரிய பாட்டிலின் மூடி உலோகமா பிளாஸ்டிக்கா என்று நீங்கள் எழுதவில்லை. உலோகம் என்றால் அடிப்பக்கத்தைப் படம் எடுத்துப் போடுங்கள், பார்த்துச் சொல்கிறேன்.